மேலதிக வசனம்: எஸ். டோசன்

பெயர் போடாமல் விடப்பட்டவர்கள் என்று ஓர் இனம் இருக்கிறது. கோயில் நிர்வாகசபையில், கலியாண மண்டபத்தில், நடன அரங்கேற்றத்தில் முதல் வரிசைக்கும் இரண்டாம் வரிசைக்கும் இடையே இருப்பதா நிற்பதா என்று தெரியாமல் தடுமாறுகிறவர்களாக நீங்கள் அவர்களைப் பார்த்திருப்பீர்கள். உலகில் நடந்த எந்த நல்ல காரியத்திலும் அவர்களுடைய கை இருக்கும். பெயர் மட்டும் இருக்காது. விட்டது யார்? அந்த விசாரணை அவர்களுக்கு ஆயுள் உள்ளவரை நடக்கும்.

இந்த இனத்தின் சிகரம் தொண்ணூறுகளில் கனடாவின் ஸ்காபரோவில், எங்கள் கட்டடத்தின் பதினோராம் மாடியில் வசித்தது. பெயர் சூசைதாசன். யாழ்ப்பாணத்துக் குருநகர்க்காரர். நாற்பத்தெட்டாம் ஆண்டு சட்டம் படிக்க லண்டன் போய், இரண்டு முறை கோட்டைவிட்டு, வீட்டுக்கு எழுத வெட்கப்பட்டு, நகரத்துக்கு வெளியே ஒரு படப்பிடிப்புத் தளத்தில் தட்டச்சு வேலையில் சேர்ந்தார். வசனங்களைப் பிரதி எடுப்பதுதான் வேலை. பிரதி எடுக்கும்போது, பிடிக்காத வரிகளைச் சும்மா மாற்றித் தட்டிவிடுவார். ஒருவரும் கவனிக்கவில்லை. நடிகர்கள் அதையே பேசினார்கள். கடைசியில் ஓர் இயக்குநர் கண்டுபிடித்தார். வேலையால் நிறுத்தாமல், சோர்ந்துபோன காட்சிகளைச் சீர்செய்யும் வேலையையே கொடுத்தார். ஏழு வருடம், பதினான்கு படம். ஒரேயொரு படத்தில் பெயர் வந்தது, 'மேலதிக வசனம்' என்று.

அந்தப் படத்தை ஒரு சனிக்கிழமை பின்னேரம் தொலைக்காட்சியில் போட்டார்கள். இரண்டு அறை வீட்டில் பதினெட்டுப் பேரைக் கூட்டிவிட்டார். அஜக்ஸ் நகரத்திலிருந்துகூட ஒரு குடும்பம் வந்திருந்தது. பெயர்கள் ஓடின. சூசைதாசன் துள்ளி எழுந்து தொலைக்காட்சிக் கண்ணாடியில் விரலை வைத்தார். "இஞ்சை! இஞ்சை!"

அங்கே 'எஸ். டோசன்' என்றிருந்தது. வெள்ளைக்காரனுடைய வாய்க்கு வசதியாக வெட்டியிருந்தார்கள். பெயர் மேலே போய் மறைந்தது. விரல் கண்ணாடியிலேயே இருந்தது.

அஜக்ஸ் அன்ரி கேட்டார்: "அங்கிள், உங்கட பேர் எப்ப வரும்?"

அவர் விரலை எடுத்துக்கொண்டு கதிரைக்குத் திரும்பினார். படத்தில் ஒரு வேலைக்காரன் யன்னலைப் பார்த்து, "மழை வரும்போல் இருக்கிறது, ஐயா" என்றபோது மட்டும், "உது நான் எழுதினது" என்றார் மெல்ல. அவருடைய மனைவி வேரோனிக்கா தேநீர்க் கோப்பைகளைப் பொறுக்கிக்கொண்டே, "முழுப் படத்திலும் பதினொரு வசனம். நான் எண்ணிப் பாத்தனான்" என்றார். முப்பத்தைந்து வருட மணவாழ்க்கையில் அந்த மனுசி அதைவிடக் கொடூரமாக எதையும் சொன்னதில்லை.

இப்படிப்பட்ட மனிதரிடம்தான் நாலாம் மாடிப் பத்மநாதன் தன் அகதிக் கேசுக்கான வாக்குமூலத்தை ஆங்கிலத்தில் எழுதித் தரும்படி கேட்டான். கொழும்பில் லொட்ஜில் தங்கியிருந்தபோது பொலிஸ் பிடித்துப் பதினேழு நாள் அடைத்து வைத்திருந்த கதை. பத்மநாதன் சொல்லி முடித்தான்.

சூசைதாசன் கண்ணாடியைக் கழற்றினார். "தம்பி, சம்பவம் நல்லது. தொடக்கம் காணாது, ஒரு எடுப்பில்லை."

"நடந்தது உதுதான் அங்கிள்."

"நடந்தது சரி. கேக்கிறவன் கதிரையிலை நிமிந்து இருக்க வேணுமெல்லே?"

கேசின் நாள் வந்தது. காரில் கூட்டிப்போன நான் துணைக்கு உள்ளே இருந்தேன். விசாரணை அதிகாரி, கண்டிப்பான ஒரு பெண்மணி, தாள்களைப் புரட்டிவிட்டுக் கேட்டார். மொழிபெயர்ப்பாளர் தமிழில் சொன்னார்: "மூண்டாம் பக்கத்திலை, பொலிஸ் கதவைத் தட்டேக்கை இடியோடை மழை கொட்டினது எண்டு இருக்கு. அஞ்சாம் பக்கத்திலை, அதே நேரம் றோட்டிலை கொதிக்கிற வெயிலுக்கை முழங்காலிலை விட்டவங்கள் எண்டு இருக்கு. எது உண்மை?"

பொய்யன் என்று எழுதிவிட்டால் அடுத்த விமானம் கொழும்புக்கு. பத்மநாதன் கதிரை நுனிக்கு நகர்ந்தான்.

"வெயில்தான் அம்மா," என்றான். "மழை பெய்யேல்லை. மழை எங்கட சூசைதாசன் அங்கிள் போட்டது. அவர் லண்டனிலை படத்துக்கு எழுதினவர். மிச்சமெல்லாம் என்ரை."

அதை ஆங்கிலத்தில் சொல்லும்போது மொழிபெயர்ப்பாளர் சிரிப்பை அடக்கப் பாடுபட்டார். அதிகாரி பேனையைக் கீழே வைத்தார். வாயோரம் ஏதோ அசைந்து அடங்கியது. தாள்களை மூடிவிட்டு, "இனி இதைப் பாராமல், உம்முடைய வாயால் சொல்லும்" என்றார். பத்மநாதன் ஒரு மணித்தியாலம் சொன்னான். இடியும் இல்லை, மழையும் இல்லை. கேட்ட ஒருவரும் கதிரையில் அசையவில்லை.

ஐந்து கிழமையில் அவனை அகதியாக ஏற்றுக்கொண்டு கடிதம் வந்தது. பத்மநாதன் ரோல்ஸும் கோழிக்கறியும் வைத்து விருந்து கொடுத்தான். எழுந்து நின்று வக்கீலுக்கு நன்றி சொன்னான், மொழிபெயர்ப்பாளருக்குச் சொன்னான், வேளாங்கண்ணி மாதாவுக்கும் நல்லூரானுக்கும் சேர்த்துச் சொன்னான். அவ்வளவோடு கதிரையில் இருந்துவிட்டான்.

சூசைதாசன் ரோல்ஸை அப்படியே தட்டில் வைத்தார். பக்கத்திலிருந்த என்னிடம் குனிந்தார். "அந்த மழையை நான் போடாட்டி, அந்த அதிகாரி மனுசி பேப்பரை மூடியிருக்குமே? இவனை வாயாலை சொல்ல விட்டிருக்குமே? முழுக் கேசும் அந்த மழையாலைதான் வெண்டது. பேர் போடேல்லைப் பாத்தீரே!"

கண் கலங்கியிருந்தது. வேரோனிக்கா அவருடைய தட்டில் இன்னொரு ரோல்ஸை வைத்து, "சாப்பிடுங்கோ. நான் அறிவன்" என்றார். அவர் சாப்பிட்டார்.

என்ன மனிதர் பாருங்கள்! கேசைக் கெடுக்கப் பார்த்துவிட்டு, வென்றதற்கும் உரிமை கேட்கிறார். உண்மையில் வென்றது எதனால்? அன்று காலை காரில் போகும்போது, "கேட்டதுக்கு உள்ளதைச் சொல்லும், பயப்பிடாதையும்" என்று பத்மநாதனுக்குச் சொல்லிக் கொடுத்தவன் நான். விருந்தில் அதைப் பற்றி ஒரு வார்த்தை? மூச்! நான் பெரிதுபடுத்தவில்லை. இன்றுவரை ஒருவரிடமும் சொன்னதில்லை, உங்களைத் தவிர.

நீங்கள் சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். ஆனால் போன வருடம் உங்கள் மச்சாளின் மகளுக்கு அந்தச் சம்பந்தத்தை முதன்முதலில் வாயெடுத்துச் சொன்னது யார்? கலியாணக் கார்டில் உங்கள் பெயர் இருந்ததா?

பார்த்தீர்களா, முகம் மாறுகிறது.