மண்டியிட்ட அம்மா

நசூனா எழுந்தாள். தேநீர் போட்டாள். வாளித் தண்ணீரில் குளித்தாள். சட்டைக்கு இஸ்திரி போடும்போது கரண்ட் போனது. பாதிச் சுருக்கத்தோடு கிளம்பினாள்.

கம்பாலாவில் கம்ப்யூட்டர் வேலை பார்க்கும் பெண்களின் வாட்ஸாப் குழுவில், ‘வழிகாட்டும் திட்டத்துக்கு யார் யார் வருகிறீர்கள்?’ என்று கேட்டிருந்தார்கள். ‘நானும்’ என்று எழுதிவிட்டாள். பதில் வந்தது: ‘சனி காலை, கபலகலா காபிக் கடை. உங்கள் இணை நக்கிடெண்டே அம்மா.’

இன்றுதான் அந்தச் சனி. அலுவலகத்தில் டீம் லீடர் வேலைக்கு விண்ணப்பிக்கவும் இன்றே கடைசி நாள். அந்த அம்மாவிடம் கேட்டுவிட்டு முடிவெடுக்கலாம் என்றிருந்தாள். அவர் தகுதி இல்லை என்று சொல்லிவிட்டால் அத்தோடு சரி.

“ஏன்க்கா இப்படி நடுங்கறீங்க? வண்டியே ஆடுது” என்றான் ‘போடா’ என்கிற பைக் டாக்சியை ஓட்டுகிறவன்.

“பரீட்சைக்குப் போறேன்.”

“ஃபெயிலானா போன் பண்ணுங்க. நானே கூட்டிட்டுப் போறேன்.”

கடையில் தலை நரைத்த ஓர் அம்மா காத்திருந்தார். நசூனா முறைப்படி மண்டியிட்டு வணக்கம் சொன்னாள். அந்த அம்மாவும் சட்டென்று மண்டியிட்டார்.

பெரியவர் சின்னவள் முன்னால் மண்டியிடுவதாவது! மரியாதை போதவில்லை என்று குத்திக்காட்டுகிறாரோ? நசூனா இன்னும் குனிந்தாள். அவரும் குனிந்தார். நெற்றிகள் முட்டிக்கொண்டன.

“ரெண்டு பேரும் எதைத் தொலைச்சீங்க?” என்றாள் காபி கொண்டுவந்தவள்.

உட்கார்ந்ததும் கேள்வி வந்தது. “சர்வர் படுத்துட்டா முதல்ல என்ன செய்வீங்க?”

“முதல்ல... நடுங்குவேன்மா. அப்புறம், கடைசியா யாரு எதை மாத்தினாங்கன்னு பார்ப்பேன்.”

“மாத்தினது நீங்களா இருந்தா?”

பொய் சொல்ல நாக்கு எழவில்லை. “ஒரு தடவை என்னால பணம் அனுப்புற வேலையே நின்னுபோச்சு. பாத்ரூம்ல ஒளிஞ்சுக்கிட்டேன். அப்புறம் வெளிய வந்து, நான்தான்னு ஒத்துக்கிட்டு, மாத்தினதைத் திரும்ப எடுத்தேன்.”

அம்மா போனில் விடாமல் தட்டிக்கொண்டிருந்தார். மார்க் குறைக்கிறார். சரிக்கட்டலாம் என்று நசூனா மேலும் பேசினாள். பேசப் பேச வேறு பழைய தவறுகள்தான் வெளியே வந்தன. பதற்றத்தில் கை பட்டுக் காபி மேசையெல்லாம் ஓடியது. அம்மா போனைத் தூக்கிக்கொண்டு தட்டினார்.

இனி இழக்க ஒன்றுமில்லை.

“சொல்லிடுங்கம்மா. டீம் லீடர் வேலைக்கு நான் லாயக்கா, இல்லையா?”

அம்மா தட்டுவதை நிறுத்தினார். முகம் வெளுத்தது.

“என்னைப் போய்க் கேக்கறீங்களே, டீச்சர்? நீங்க சொல்றதைத்தானே இவ்வளவு நேரம் குறிச்சுக்கிட்டிருந்தேன். எனக்குச் சொல்லித்தரத்தானே உங்களை அனுப்பியிருக்காங்க!”