பாஸ்ரருக்குக் கிடைக்காத தேத்தண்ணி

ரொறன்ரோ,
ஐப்பசி 1996.

பேரன்புக்குரிய அத்தானுக்கு,

இங்கே குளிரைத் தவிர நாங்கள் எல்லோரும் சுகம். கொழும்பில் தாங்களும் அக்காவும் அவ்வாறே சுகமாயிருக்க நல்லூரானை வேண்டி எழுதுவது.

அத்தான், எங்கள் மாடிக் கட்டடத்தில் பக்கத்து வீட்டுக்காரர் வில்மட் பாஸ்ரர், கிறிஸ்தவ சபையொன்றின் போதகராய் இருந்தவர், கறுப்பினத்தவர், வயதாளி. லிஃப்ற் பழுதான அன்று படியில் குந்தியிருந்து கதைத்தபோதுதான் அவருடைய பெருமை தெரிய வந்தது. அந்தக் காலத்தில் இங்கே ஒரு சிற்றூர்ச் சாப்பாட்டுக்கடையில் கறுப்பருக்குத் தேத்தண்ணி கொடுக்க மாட்டார்களாம். இவர் தன் சபைச் சனத்தை ஞாயிற்றுக்கிழமை உடுப்போடு கூட்டிக்கொண்டுபோய் மேசையில் இருந்து, "ஒரு தேத்தண்ணி" என்று கேட்பாராம். துரத்தத் துரத்தத் திரும்பவும் போவாராம், வருஷக்கணக்காக! கடைசியில் சட்டம் வந்து கடைக்காரன் பணிந்தான். பேப்பரில் ஆரார் பெயரோ வந்தது, இவருடைய பெயர் இல்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மனிசன் உயிரோடு இருக்கேக்கையே எங்கடை தமிழ்ச் சங்கம் பாராட்டு விழா வைக்கும் எண்டு சொல்லிப்போட்டன்.

அங்கைதான் பிழைச்சது. நோட்டீஸ் அடிச்ச சிவபாதம் இவ்வளவு காலமும் மரண அறிவித்தல் அடிச்ச கை. பாஸ்ரரின்ர படத்தைச் சுத்திக் கறுப்புக் கரை போட்டு, பக்கத்திலை குத்துவிளக்கும் வைச்சு, நான் பாக்க முந்தியே தமிழ்க் கடையெல்லாம் ஒட்டிப்போட்டான். விழாவுக்குச் சனம் வெள்ளை உடுத்து, முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு மண்டபம் நிறைய வந்திருக்கு! வேரோனிக்கா அன்ரி ஒருநாளும் காணாத மனிசனுக்காக விக்கி விக்கி அழுதுகொண்டிருக்க, பாஸ்ரர் கோட்டும் தொப்பியுமாய் உள்ளை வாறார். "ஐயோ!" எண்டு அன்ரி கதிரையோடை சரிஞ்சிட்டா. நான் வேர்த்து விறுவிறுத்து விஷயத்தைச் சொல்ல, மனிசன் வயிறு குலுங்கச் சிரிச்சுப்போட்டு, "செத்தாலும் எனக்கு இவ்வளவு பேர் வராயினம், இராஜா" எண்டார்.

பிறகு எல்லாருக்கும் முன்னாலை என்ர கையாலை தேத்தண்ணி வார்த்துக் குடுத்தன். கோப்பையை ரெண்டு கையாலும் பிடிச்சுக்கொண்டு மனிசன் கண்கலங்கிப்போனார். சனம் எழும்பி நிண்டு கைதட்டிச்சுது. "மனிசரை மனிசர் தள்ளிவைக்கிற அநியாயத்தைத் தமிழன் ஒருநாளும் பொறுக்கான்!" எண்டு மைக்கிலை முழங்கினன் அத்தான். தமிழனாய்ப் பிறந்ததுக்கு அண்டைக்குப் பெருமைப்பட்டன்.

அக்காவுக்குத் தவமணியின் அன்பு. மருமக்களுக்கு எங்கள் ஆசிகள்.

தங்கள் மைத்துனன்,
இராஜரட்ணம்

பி.கு.: எங்கடை மகள் சாம்பவிக்கு மிசிசாகாவிலை ஒரு பெடியன் பொருந்தி வந்திருக்கு. தங்கமான பிள்ளை, நல்ல வேலை. பூர்வீகம் சாவகச்சேரியாம். வீட்டுக்கு வரச்சொல்லிக் கேட்டிருக்கினம். அவையள் என்ன ஆக்கள், எங்கடை சாதிசனந்தானோ எண்டு மெல்லமாய் விசாரிச்சு உடனை எழுதுங்கோ. அது தெரியுமட்டும் அவையின்ர வீட்டிலை நான் ஒரு வாய் தேத்தண்ணி குடிக்க மாட்டன்.