அப்பாவின் சிவந்த காலணிகள்

தலைநகரத்துக் கன்னிமடத்தில் எங்களுக்கும் சேர்த்து மன்றாடும் யூஃபீமியா அத்தைக்கு, கப்படோக்கியாவிலிருந்து அந்தூசா பணிந்து எழுதுவது. அம்மாவும் நானும் ஆடும் நலம். உங்கள் தம்பி கிரிகோராஸ், இதை எழுதும்வரை, இரண்டு கண்களோடும் நலம். வேதாகமத்துச் சங்கீதப் புத்தகத்தின் பாதியிலேயே என் படிப்பு நின்றுவிட்டதால் பிழைகளைப் பொறுத்துக்கொள்ளுங்கள்.

எல்லைப் படைத் தளபதி பதவி பறிபோனதிலிருந்து அப்பா திராட்சைத் தோட்டத்தில் உட்கார்ந்திருப்பது உங்களுக்குத் தெரியும். எந்த நிமிடமும் அழைப்பு வரலாம் என்று போர்க் காலணியை மட்டும் கழற்றுவதில்லை. போன வாரம் திராட்சை மிதிக்கும் தொட்டியில் ஆடு விழுந்துவிட்டது. அப்பா காலணியோடு குதித்தார். ஆடு சீக்கிரம் வெளியே வந்துவிட்டது, அப்பாதான் வரவில்லை. நான் கூச்சத்தில் யார் முகத்தையும் பார்ப்பதில்லை, காலைத்தான் பார்ப்பேன். அதனால், பேரரசர் மட்டுமே போடக்கூடிய சிவப்புக் காலணியில் அப்பா பூசைக்குக் கிளம்புகிறார் என்று முதலில் கண்டவள் நான்தான். நான் வாயைத் திறப்பதற்குள் அவருடைய பழைய படைவீரர்களும் கண்டுவிட்டார்கள்.

"ஐயா துணிஞ்சிட்டாருடா! பேரரசரா தூக்குங்கடா கேடயத்து மேல!" என்று கத்தினான் நூற்றுவர் தலைவன் பசீல்.

"எறக்குங்கடா பாவிங்களா! திராட்சைச் சாறுடா அது!"

"முடி சூடுறவரு மூணு தடவ மறுக்கறது முறைதானே. ஒண்ணு ஆச்சு!"

அப்பா மறுக்க மறுக்க அவர்கள் எண்ணினார்கள். அதற்குள் கேடயம் சாய்ந்து அப்பா தரைக்கு வந்து சேர்ந்தார். செய்தி கேட்டு நேற்று, பக்கத்துக் கோட்டைக்கு வந்திருந்த தலைநகரத்து அதிகாரி நிக்கேடஸ், கலகக்காரர்களின் கண்ணைப் பறிக்கும் இரும்போடு வந்துவிட்டார். அப்பா அடைக்கலம் தேடிக் கோயிலுக்குள் ஓடிப் பலிபீடத்தைக் கட்டிக்கொண்டார்.

"தொட்டியில எறங்குறப்போ செருப்பக் கழட்டத் தெரியாத மனுஷன், நாட்டப் பிடிப்பாராக்கும்!" என்றார் அம்மா.

"கலகக்காரன் பொண்டாட்டி எல்லாரும் இப்படித்தாம்மா சொல்றாங்க" என்றார் அதிகாரி.

நான் ஆட்டை இழுத்துவந்து அவர் முன்னால் நிறுத்தினேன். நான்கு கால்களும் சிவப்பு.

அதிகாரி குனிந்து பார்த்தார். "இதுவும் முடி கேக்குதா?" என்று விழுந்து விழுந்து சிரித்தார். "தளபதி, வெளிய வாங்க. இத்தனை தடவ வேண்டாம்ன மனுஷன்கிட்ட படைய நம்பிக் குடுக்கலாம்னு நானே அரண்மனையில சொல்றேன்."

ஆகவே அத்தை, நீங்கள் பேரரசியின் காலில் விழவேண்டிய அவசியம் இல்லை. அப்பா வாளுக்கு எண்ணெய் போடுகிறார். அம்மா ரொட்டி சுட்டு மூட்டை கட்டுகிறார். நல்ல காலம் வாசல்வரை வந்துவிட்டது. உங்கள் கைகளை முத்தமிடுகிறேன். கன்னிமாதா உங்கள் மூட்டுவலியைத் தீர்க்கட்டும்.

அந்தூசா

பின்குறிப்பு: மகிழ்ச்சியில் அதிகாரியும் திராட்சை மிதிக்க ஆசைப்பட்டார். அவரும் காலணியைக் கழற்றவில்லை. பசீல் கேடயம் தேடிப் போயிருக்கிறான்; அப்பாவுக்காகப் பேசவேண்டியவரே இப்போது கலகக்காரர். இப்போது பலிபீடத்தை இரண்டு பேர் கட்டிக்கொண்டிருக்கிறார்கள். "அந்தப் பக்கம் பிடிங்க, இது என் இடம்" என்று அப்பா அதட்டுவது இங்கே கேட்கிறது. உடனே பேரரசியிடம் போங்கள். சாட்சிக்கு ஆட்டை அனுப்புகிறேன். தயவுசெய்து அதன் காலைக் கழுவிவிடாதீர்கள்.