லோகாந்தர மகாசபையின் நாலு மணித் தீர்மானம்

பாரத கண்டத்தில், ஏன், இந்தப் பூகோளத்திலேயே, காலத்தைப் பிடித்து உட்கார வைத்து, ‘நீ யார், எங்கிருந்து வருகிறாய், வேறு வழியாக வந்திருந்தால் என்ன ஆகியிருப்பாய்’ என்று விசாரணை நடத்திய ஒரே ஸ்தாபனம் எங்கள் ஊரில்தான் இருந்தது. லண்டனில் இருக்கிறவர்களுக்கு இது தெரியாது. வடசேரிச் சந்தையில் இருக்கிறவர்களுக்கும் தெரியாது. லண்டன்மேல் எங்களுக்கு வருத்தம் இல்லை. வடசேரிமேல்தான் கொஞ்சம் உண்டு.

‘காலாந்தர லோகாந்தர ஆராய்ச்சி மகாசபை’ என்பது அதன் திருநாமம். கொல்லம் ஆயிரத்து நூற்றிரண்டாம் ஆண்டு, தோவாளைக்குத் தெற்கே எங்கள் கோவில் தெருவில், ஓய்வுபெற்ற தாசில்தார் தாணுமாலயன் பிள்ளையின் முன்கூடத்தில் நிறுவப்பட்டது. அவர் தலைவர். நான் காரியதரிசி. ஜோதிடர் பூதலிங்கம் பிள்ளை பொருளாளர், பொருள் இல்லாவிட்டாலும். அங்கத்தினர் அனைவரும் தெருக்காரர்கள். சேருவதற்கு ஒரே ஒரு தகுதிதான் வேண்டும்: ‘எல்லையற்ற கற்பனை’. எங்கள் தெருவுக்கு வெளியே அது யாரிடமும் காணப்படவில்லை.

நடக்காமல் போன காரியங்கள் எல்லாம் எங்கேயோ ஓர் உலகத்தில் நடந்துகொண்டுதான் இருக்கின்றன என்பது எங்கள் சித்தாந்தம். திற்பரப்பு அருவி கீழிருந்து மேலே விழும் உலகத்தை ஆராய்ந்தோம். அங்கே குளிக்கப் போகிறவன் தலைகீழாக நிற்க வேண்டும் என்று நான் கண்டுபிடித்துச் சொன்னபோது பலத்த கரகோஷம். தோவாளைப் பூக்கள் மனிதர்களைப் பறித்துத் தொடுத்து விற்கும் உலகத்தைப் பூதலிங்கம் பிள்ளை விவரித்தார். அந்த உலகத்தில் பிள்ளைமார் முழம் என்ன விலை போவார்கள் என்பதில் வாக்குவாதம் முற்றி, கூட்டம் ஒத்திவைக்கப்பட்டது. ஆராய்ந்த உலகங்கள் எல்லாவற்றிலும் தலைவர் தாணுமாலயன் பிள்ளையே என்பதும் தனியாக நிரூபிக்கப்பட்டது.

மகாசபையின் மகத்தான சாதனை ஒரு மாதாந்திரக் கூட்டத்தில் நிகழ்ந்தது. மனிதர்களுக்கு நாலு கை இருக்கும் உலகத்தில் கும்பிடுவது எப்படி என்று பேசிக்கொண்டிருந்தோம். உள்கட்டுக் கதவு திறந்தது. தலைவரின் சம்சாரம் ஆவுடையம்மை, இத்தனை ஆண்கள் இருக்கும் கூடத்துக்குள் நேராக வந்து நின்றாள்.

“கேட்டேளா, பிள்ளைக்கு முடியல்ல. குழந்தை குறுக்கே கிடக்காம். மருத்துவச்சி கையை விரிச்சாச்சு. ஆசுபத்திரி ராகேலுக்கு ஆள் அனுப்பியிருக்கேன். வந்து கல்லுப் பக்கத்துல நிக்கா.”

தலைவரின் ஒரே மகள் உமையம்மை, தலைப்பிரசவத்துக்கு வந்தவள், முந்தின நாளிலிருந்து உள்ளே வலியில் கிடந்தாள். ராகேல் மிஷன் ஆசுபத்திரியில் பேறு பார்க்கப் படித்தவள். நாலு ஊரில் அவள் கைராசியைச் சொல்லாத வீடு இல்லை.

கல்லைப் பற்றியும் சொல்ல வேண்டும். எங்கள் தெருமுனையில் ஒரு கல் உண்டு. சில ஜாதிக்காரர்கள் அந்தக் கல்லோடு நின்றுகொள்வார்கள். யாரும் நிற்கச் சொல்வதில்லை. அவ்வளவு ‘மரியாதை’ தெரிந்த ஊர். ராகேலின் அப்பன் பாட்டன் எல்லாரும் அங்கே நின்றவர்கள். அவள் வேதக்காரியாகிவிட்டாளே என்று ஒருமுறை யாரோ கேட்டதற்குப் பூதலிங்கம் பிள்ளை, “ஞானஸ்நானம் அவளுக்க சபைக்குச் செல்லும். நம்ம தெருவுக்குச் செல்லாது” என்று தீர்ப்புச் சொல்லியிருந்தார். பின்வாசல் வழியாக அழைக்கலாமென்றால், அது கோவில் மதிலில் போய் முட்டும்.

தலைவருக்கு மகள் வேண்டும். தெருவும் வேண்டும். அவராக ராகேலை அழைத்தால் ஊர்விலக்கு. மகாசபை அழைத்தால் ஆராய்ச்சி.

“ஓய், ஒரு வழி சொல்லும் வே,” என்றார் என்னிடம்.

“தெருவை மாத்திருவோம்,” என்றேன்.

“எங்க மாத்த?”

“வேற உலகத்துக்கு. நாலு மணியிலேருந்து ஆறு மணி வரை நம்ம தெரு இந்த உலகத்துல இல்ல. லோகாந்தரத்துல இருக்கு. அங்க யாரு நடந்தா நமக்கென்ன?”

பூதலிங்கம் பிள்ளை விரலைத் தூக்கினார். “அந்த உலகத்துல தீட்டு உண்டுமா?”

“அது இன்னும் ஆராயல்ல.”

“ஆராயாதது இல்லாததுக்குச் சமம்,” என்றார் தலைவர் அவசரமாக.

“தெரு போச்சுன்னா வீடு?” என்றார் பூதலிங்கம் பிள்ளை.

“வீடும் கூடவே போவும்,” என்றேன்.

“அப்ப நாம?”

“நாம சாட்சி வே. சாட்சிக்காரனுக்கு எல்லா உலகமும் ஒண்ணுதான்.”

முன்மொழிவது யார், வழிமொழிவது யார் என்பதில் கொஞ்ச நேரம் போயிற்று. உள்ளே உமையம்மை அலறினாள். ஆட்சேபணைகள் வாபஸ் பெறப்பட்டன.

தீர்மானத்தை அறிவிக்க நானே கல்லுக்குப் போனேன். ராகேல் கையில் தோல்பையும் குடையுமாக நின்றாள்.

“ராகேலே, நீ இப்ப வேற உலகத்துக்குள்ள கால் வைக்கப் போறே. தெரியுமா?”

“பிள்ளைக்குத் தலை எந்தப் பக்கம் இருக்குன்னு தெரியுமா ஐயா?”

தெரியாது என்றேன்.

“அப்ப வழியை விடுங்க.”

வந்தாள். தெருவில் கதவுகள் எல்லாம் சாத்தப்பட்டன. ஜன்னல்கள் மட்டும் ஆராய்ச்சிக்காகத் திறந்திருந்தன.

உள்ளே அவள் என்ன செய்தாள் என்பது மகாசபைக்குத் தெரியாது. காதில் விழுந்ததெல்லாம் “வெந்நி கொண்டாங்க”, “விளக்கைக் கிட்ட பிடிங்க”, “பேடிக்காதே மக்கா, இன்னும் ஒருக்கா, இன்னும் ஒரே ஒருக்கா” என்பவைதான். அப்புறம் குழந்தை அழுதது. பெண் குழந்தை. தாயும் பிழைத்தாள். தலைவர் தோளில் கிடந்த நேரியலால் முகத்தை மூடிக்கொண்டு விக்கி விக்கி அழுதார். அதை நான் நடவடிக்கைக் குறிப்பில் எழுதவில்லை.

ராகேல் வேலையெல்லாம் முடித்து, முற்றத்துத் தூணில் சாய்ந்து, குடிக்கத் தண்ணீர் கேட்டாள். நெற்றியிலிருந்து வியர்வை சொட்டியது. ஆவுடையம்மை பாதி ஓட்டமாக ஒரு செம்பு தண்ணீர் கொண்டுவந்தாள். அப்போது கூடத்துக் கடிகாரம் ஆறு அடித்தது. தெரு இந்த உலகத்துக்குத் திரும்பி வந்துவிட்டது. ஆவுடையம்மை புருஷனைப் பார்த்தாள். புருஷன் கடிகாரத்தைப் பார்த்தார். செம்பு உள்ளே போயிற்று.

அதற்குள் பஞ்சாங்கமும் கையுமாக இருந்த பூதலிங்கம் பிள்ளைக்கு முகம் இருண்டது.

“பிறந்த நேரம் நம்ம காலத்துலயே இல்லையே வே. எந்த நட்சத்திரத்தை எழுத?”

“எனக்க பேத்திக்கு நட்சத்திரம் இல்லியா?” என்றார் தலைவர்.

“இருக்கும். அந்த உலகத்துப் பஞ்சாங்கத்துல இருக்கும். நம்ம கையில இருக்கது திருக்கணிதம்லா.”

அவசரத் திருத்தம் கொண்டுவரப்பட்டது: குழந்தை பிறந்தது இவ்வுலகில், ராகேல் வந்தது அவ்வுலகில். ஆகவே, குழந்தை ‘தானாகவே’ பிறந்தது. ஏகமனதாக நிறைவேறியது. பூதலிங்கம் பிள்ளை நிம்மதியாக ரேவதி என்று எழுதினார்.

முற்றத்திலிருந்து ராகேல் கேட்டாள். “அப்ப நான் எப்படிப் போக?”

“நீ வரவே இல்லியே, பின்ன எப்படிப் போவே?” என்றார் பூதலிங்கம் பிள்ளை. தர்க்கத்தில் அவரை மிஞ்ச ஆள் கிடையாது.

ராகேல் தூணை விட்டு நிமிர்ந்தாள். “சரி ஐயா. வராதவ நடந்தா தெருவுக்கு ஒண்ணும் ஆகாதுல்லா?”

பையை எடுத்தாள். குடையை விரித்தாள். முன்வாசல் வழியாக இறங்கி, தெருவுக்கு நட்டநடுவில் நடந்து போனாள். தடுக்க யாராலும் முடியவில்லை. தடுத்தால் அவள் வந்ததாக ஆகிவிடும். வந்ததாக ஆனால் குழந்தைக்கு நட்சத்திரம் போய்விடும்.

மகாசபை சார்பில் நன்றி சொல்ல நான் பின்னாலேயே ஓடினேன். வராதவளுக்கு நன்றி சொல்ல விதிகளில் இடமில்லை என்பது கல்லுக்குப் பக்கத்தில் போனபிறகுதான் ஞாபகம் வந்தது. ராகேல் கல்லைத் தாண்டி, சானல் வாய்க்கால் படியில் குனிந்து, இரண்டு கையாலும் அள்ளி அள்ளித் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தாள். குடித்து முடித்து முந்தானையால் வாயைத் துடைத்தாள்.

“ஐயா, இதுவரை எத்தனை உலகம் பாத்திருக்கிய?”

“நாப்பத்தொண்ணு,” என்றேன் பெருமையாக.

“அதுல ஏதாவது ஒண்ணுல எனக்கு ஒரு செம்பு தண்ணி தந்தாங்களா?”

விஞ்ஞான முக்கியத்துவம் வாய்ந்த கேள்வி. ‘மேல் ஆராய்ச்சிக்குரியவை’ என்ற தலைப்பில் அன்றே குறித்துவைத்தேன். வருஷங்கள் பல ஓடிவிட்டன. மகாசபை அதன்பின் எத்தனையோ உலகங்களைக் கண்டது. போன மாதம்கூட, மீன்கள் கரையில் நின்று மனிதர்களுக்கு வலை வீசும் உலகத்தை அணு அணுவாக விவரித்தோம். அந்த ஒரு செம்புத் தண்ணீர் மட்டும் இன்னும் விவாதத்துக்கு வரவில்லை. அதற்கு வேண்டிய கற்பனை எங்களில் ஒருவருக்கும் இல்லை.