பத்து நிமிஷம் முந்திய கடிகாரமும் 667 வருஷம் பிந்திய விசாரணையும்

சுங்கைப் பட்டாணி,
ஆனி மாதம், 2603
(இது ஆபீசுக் கணக்கு. வீட்டுக் கணக்கில் 1943.)

என் தங்கை நவமணியை மணந்து, சுங்கை லாலாங் தோட்டத்தில் கணக்கெழுதும் கிராணியாகப் பேரெடுத்துவரும் மாப்பிள்ளை பரஞ்சோதி அவர்களுக்கு, குழந்தைவேலு எழுதுவது. மரவள்ளிக்கிழங்கின் புண்ணியத்தில் இங்கே எல்லோரும் சுகம். அங்கேயும் கிழங்கு சுகமாக விளைய முருகனை வேண்டுகிறோம்.

விஷயம் பழசு. 1936இல் நான் பீடோங்கில் அரசாங்க வேலை பார்த்தபோது ஒரு நாள் என்னைப் பார்க்க வந்தீர்களே, ஞாபகமிருக்கிறதா? கடைசி பஸ் போய்விடுமென்று, நான் கோப்பி வாங்கப் போன நேரத்தில், நாற்காலி போட்டு ஏறி ஆபீசுக் கடிகாரத்தைப் பத்து நிமிஷம் முன்னால் தள்ளிவிட்டீர்கள். அன்று எல்லோரும் சந்தோஷமாகச் சீக்கிரம் வீட்டுக்குப் போனோம். மறுநாள் துரை கண்டுபிடித்து, கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கிறவன் நான் என்பதால் என் பேரில் குற்றப்பத்திரிகை எழுதினார். மாப்பிள்ளையைக் காட்டிக்கொடுத்தால் தங்கை வீட்டில் சோறு கிடைக்காதே என்று, 'நான் இல்லை' என்பதோடு வாயை மூடிக்கொண்டேன். விசாரணை இன்றைக்கு, நாளைக்கு என்றார்கள். அந்தத் துரை லீவில் போனார், வேறு துரை வந்தார், கண் மங்கிவிட்டதென்று 1939இல் எனக்கு ஓய்வு கொடுத்தார்கள், மாலைகூடப் போட்டார்கள், விசாரணையை மட்டும் வைக்கவில்லை. பிறகு ஜப்பான்காரன் வந்தான். துரைமார் ஓடினார்கள். என் ஃபைல் ஓடவில்லை.

'முன்னாள் அரசாங்க ஊழியர்' என்று ஒரு சீட்டு வைத்திருக்கிறேன் அல்லவா, போன வாரம் அதைப் புதுப்பிக்கப் போனால், குற்றம் ஒன்று பாக்கியிருக்கிறது, விசாரணை முடிந்தால்தான் முத்திரை என்றுவிட்டார்கள். சீட்டில்லாத ஆண்பிள்ளையைச் சந்தையில் கண்டால் லாரியில் ஏற்றி, சயாமில் ரயில்பாதை போட அனுப்புவது உங்களுக்கே தெரியும். போனவர் ஒருவரும் இன்னும் திரும்பவில்லை. என் வீட்டுக்காரி அழகம்மா தலையில் கை வைத்துக்கொண்டாள். "பத்து நிமிசத்துக்கு சயாமா? அதுவும் உங்க தங்கச்சி புருசன் பஸ் ஏறுனதுக்கு?"

விசாரணைக்கு ஒன்பது மணிக்கு வரச் சொன்னார்கள். நானும் வீட்டுக் கடிகாரத்தைப் பார்த்துச் சரியாக ஒன்பதுக்குப் போய் நின்றேன். அங்கே பத்தரை. ஊரெல்லாம் டோக்கியோ நேரத்துக்கு மாறி ஒன்றரை வருஷம் ஆகிறது, என் வீட்டுச் சுவருக்குத்தான் சேதி போகவில்லை. ஜப்பானிய அதிகாரி என்னை முறைத்தார். பக்கத்தில் ஜைனல், முன்பு எனக்குக் கீழே ஃபைல் கட்டியவர், இப்போது மூன்று மாத ஜப்பானிய வகுப்பில் தேறி மொழிபெயர்க்கிறவர்.

"ஏன் லேட்டுன்னு கேக்கிறாரு அண்ணே."

"ஒன்றரை மணிதானே தம்பி."

"அதில்லண்ணே. ஃபைல்ல அறுநூத்தி அறுபத்தேழு வருசம் லேட்டுன்னு இருக்கு."

இனி ஜப்பானிய வருஷம்தான் எழுத வேண்டுமென்று உத்தரவாம். விசாரணை வருஷத்தை 2603 என்று மாற்றிய ஜைனல், குற்றம் நடந்த 1936இன் மேல் துரையின் கையெழுத்து இருந்ததால் அதைத் தொடப் பயந்து, ஒன்றிலிருந்து ஒன்றைக் கழித்துத் தாமதம் என்ற கட்டத்தில் எழுதிவிட்டார்.

"தப்புன்னு தெரியலியா தம்பி?"

"தெரிஞ்சுச்சுண்ணே. ஆனா கழிச்சது சரியா இருக்கே லா."

அதிகாரி என்னைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார். அறுநூறு தாண்டியவனுக்கு நான் திடமாகத்தான் இருந்தேன். என்ன குற்றம் என்று கேட்டார், ஜைனல் சொன்னார். அதிகாரி எழுந்து சுவர்க் கடிகாரத்தடியில் போய் நின்று, விரல் விட்டு எண்ணி, நெடுநேரம் பேசினார்.

"அண்ணே, டோக்கியோ நேரத்துக்கு அந்த ஆபீசே ஒன்றரை மணி பின்னால கிடந்துச்சாம். ஒரே ஒரு ஆளுதான் பத்து நிமிசமாச்சும் சரியான பக்கம் தள்ளியிருக்கானாம். அது நீங்கதானான்னு கேக்கிறாரு."

ஏழு வருஷம் நான் இல்லை, நான் இல்லை என்று சாதித்த வாய் இது. "நானேதான் தம்பி," என்றது. "இன்னும் தள்ளியிருப்பேன், கை எட்டல."

முத்திரை விழுந்தது. இடுப்பு பிடித்துக்கொள்ளும் அளவுக்குக் குனிந்து வணங்கிவிட்டு வந்தேன். உங்களுக்குச் சேர வேண்டிய பெருமையை நான் எடுத்துக்கொண்டதற்கு மன்னியுங்கள். நாற்காலி மேல் ஏறியது நீங்கள் என்பதை நவமணியிடம்கூட மூச்சு விட வேண்டாம்.

பிள்ளைகளுக்கு என் ஆசி. தங்கைக்கு என் அன்பு. எல்லோரும் எந்த வருஷக் கணக்கிலாவது நூறு வயது இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
குழந்தைவேலு

பி.கு.: கடிதத்தை மடிக்கும்போது ஜைனல் வந்தார். என் விசுவாசத்தை மெச்சி, சயாம் ரயில்பாதைக் கடிகாரங்களையெல்லாம் என் பொறுப்பில் விட்டிருக்கிறார்களாம். வெள்ளிக்கிழமை லாரி. ஆகவே மேலே எழுதியது எதையும் மனதில் வைக்க வேண்டாம். அடுத்தவர் பெருமையைத் தட்டிப் பறிப்பது பாவமென்று அழகம்மாவும் சொல்கிறாள். வியாழக்கிழமை காலை ஒன்பதுக்கு வந்து உண்மையைச் சொல்லிவிடுங்கள் மாப்பிள்ளை. டோக்கியோ ஒன்பது. நாற்காலி நான் கொண்டுவந்து போடுகிறேன்.