யாரும் பார்க்காத படம்

“வாயை மூடாதீங்க. இப்பதான் பல்லு வரைஞ்சிட்டிருக்கேன்” என்றாள் மனைவி.

மூக்குக்கண்ணாடிக் கடைக்காரர் சாய்வு நாற்காலியில், தூங்குவதுபோல் நடித்தபடி வாயைப் பிளந்து கிடந்தார். படம் முடிந்ததும் அவள் அதைக் கலைக்கூடத்துக்குக் கொடுத்துவிட்டாள். அந்த மாதமே நோய் முற்றி அவளும் போய்ச்சேர்ந்துவிட்டாள்.

அவர் கடையைப் பூட்டிவிட்டு வீட்டுக்குள் முடங்கினார். அவள் கைபட்ட படமாவது வீட்டில் இருக்கட்டுமே என்று ஒருநாள் தோன்ற, கலைக்கூடத்துக்குப் போனார்.

“யாரும் பார்க்காத படத்தைத்தான் திருப்பித் தருவோம். அதுதான் விதி” என்றார் மேலாளர்.

இவ்வளவுதானா? குறட்டை விடுகிற ஆளை எவன் பார்க்கப்போகிறான்! யாரும் பார்க்கவில்லை என்று உறுதிசெய்துகொள்ள, தினமும் போய்ப் படத்தின் எதிரே உட்கார்ந்தார்.

ஒரே படத்தை ஒருவர் தினமும் முறைத்துக்கொண்டிருந்தால் ஊர் சும்மா இருக்குமா? ஓவிய மாணவி ஒருத்தி பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

“இதுல அப்படி என்ன சார் இருக்கு?”

“ஒண்ணுமே இல்லம்மா. வேற படத்தைப் போய்ப் பாரு.”

“ஏதோ மறைக்கிறீங்க!”

மறுநாள் அவள் வகுப்பே வந்து நின்றது.

“இவன் தூங்கலைடா, அலறுறான்.”

“போடா, பாடுறான்.”

“குறட்டைப்பா! வெறும் குறட்டை!” என்று கத்தினார் கடைக்காரர்.

அடுத்த நாள் பத்திரிகையில் கொட்டை எழுத்தில் வந்தது: ‘மாபெரும் குறட்டை!’

வேறு வழி தெரியாமல் படத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பி மாட்டினார். காவலாளி கையும் களவுமாகப் பிடித்தார். அதுவும் செய்தியாகி, தெருக்கோடிவரை வரிசை நின்றது. கோப்பை, குடை, பனியன், தலையணை உறை என்று எங்கு பார்த்தாலும் அந்த வாய். ஒரு பல் மருத்துவர் அதைப் பெயர்ப்பலகையிலேயே போட்டுக்கொண்டார்.

“தள்ளி நில்லுங்க பெரியவரே, படம் மறைக்குது” என்று அவரையே அதட்டினார்கள்.

அதட்டியவர்களில் ஒருவர் கண்ணைச் சுருக்கிப் பார்ப்பதைக் கடைக்காரர் கவனித்தார். “உங்க கண்ணாடி பவர் மாறிப்போச்சு. கடைக்கு வாங்க, பார்க்கறேன்” என்று சொல்லிவிட்டார். சொன்னபிறகு கடையைத் திறக்காமல் முடியுமா? திறந்தார். ஆனாலும் மதியமானால் படத்தின் முன் ஆஜர்.

ஒருநாள் நுழைவுச்சீட்டு கொடுக்கும் பெண்ணிடம் புலம்பினார். “நாட்டுக்கே சொந்தமாயிடுச்சும்மா. இனி எங்கே யாரும் பார்க்காம இருக்கப்போறாங்க? விதிப்படி எனக்குக் கிடைக்காது.”

அவள் சில்லறையை வைத்துவிட்டு நிமிர்ந்தாள்.

“அப்படி ஒரு விதியே இங்க கிடையாது சார். படத்தைத் திருப்பிக் குடுத்துட்டா நீங்க வீட்டைவிட்டு வெளியவே வரமாட்டீங்கன்னு, உங்க வீட்டம்மாதான் எங்க மேலாளருக்கு அதைச் சொல்லிக் குடுத்துட்டுப் போனாங்க.”