ஐந்து போன்களில் ஒரு தையல்காரர்

எங்கள் ஊரில் ஒருவரை அடித்துக் கொன்றுவிட்டார்கள். யார் அடித்தது என்று கேட்டால் ஊரே ஒரே குரலில் சொல்லும்: "அவங்கதான்." அந்த அவங்களை மட்டும் இன்றுவரை யாரும் நேரில் பார்த்ததில்லை.

செத்தவர் தண்ணீர் மோட்டார் பழுதுபார்ப்பவர். கூப்பிட்ட வீடு எதுவென்று தெரியாமல் ஒவ்வொரு கேட்டாக எட்டிப் பார்த்தார். கையில் பை இருந்தது. பைக்குள் ஸ்பேனர் இருந்தது. இதற்கு மேல் என்ன ஆதாரம் வேண்டும்? பிள்ளை பிடிப்பவர்கள் நடமாடுவதாக அன்று காலையில்தான் எல்லார் போனுக்கும் செய்தி வந்திருந்தது. வந்த செய்தியை வீணாக்கக் கூடாதென்று தெரு திரண்டுவிட்டது.

இன்ஸ்பெக்டர் நவீன முறையில் விசாரணை நடத்தினார். "வீடியோ எடுத்தவங்க எல்லாம் சாட்சி. வீடியோவுல முகம் தெரியறவங்க எல்லாம் குற்றவாளி" என்று அறிவித்தார். ஐந்து பேர் பொறுப்புள்ள குடிமக்களாக முன்வந்து தங்கள் வீடியோவை ஒப்படைத்தார்கள். மற்றவர்கள், சரியாக விழவில்லை என்று வருத்தத்தோடு அழித்துவிட்டார்கள்.

ஐந்து வீடியோவிலும் ஏராளமான கைகளும் கால்களும் தெரிந்தன. முகம் ஒன்றே ஒன்றுதான். தெருமுனைத் தையல்காரர். கழுத்தில் அளவெடுக்கும் டேப் தொங்க, கீழே கிடந்தவர்மேல் கவிழ்ந்து, இரண்டு கையாலும் அவரைக் கட்டிப் பிடித்திருந்தார்.

தையல்காரரின் மனைவி ஸ்டேஷனுக்கு ஓடினார்.

"ஐயா, அவர் அடிக்கலைங்க. அந்த ஆள்மேல அடி விழக் கூடாதுன்னுதான் போய்க் குறுக்க விழுந்தாரு. முதுகைப் பாருங்க, எப்படிக் கன்னிப்போயிருக்கு!"

"அப்ப சம்பவ இடத்துல இருந்தாருங்கறதுக்கு முதுகே ஆதாரம்" என்று இன்ஸ்பெக்டர் ரைட்டரிடம் எழுதச் சொன்னார்.

"அடிக்காதீங்க, அடிக்காதீங்கன்னு தொண்டை கிழியக் கத்தினாருங்க. வீடியோவைச் சத்தத்தோட போட்டுப் பாருங்க, தெரியும்."

"ஸ்டேஷன் கம்ப்யூட்டருக்கு ஸ்பீக்கர் கிடையாதும்மா. மேலிடத்துக்கு எழுதியிருக்கோம். சத்தம் எதுக்குன்னு விளக்கம் கேட்டிருக்காங்க."

சட்டத்தில் ஒரு சிக்கல் இருந்தது. தையல்காரர் கையை ஓங்கிய மாதிரி ஒரு வீடியோவிலும் இல்லை. ஆகவே தனி ஆளாக அவர்மேல் கொலைப்பழி போட முடியாது. கூட்டத்தில் ஒருவர் என்றால் கவலையில்லை. ஒரே நோக்கத்தோடு கூடிய சட்டவிரோதக் கூட்டத்தில் யார் அடித்தாலும் எல்லாரும் அடித்த கணக்குதான். அருமையான சட்டம். ஆனால் கூட்டம் என்றால் குறைந்தது ஐந்து பேர் வேண்டும். லாக்கப்பில் இருந்ததோ ஒற்றைத் தையல்காரர்.

"ஐயா, நாலு பேர் குறையுதுங்களே" என்று ரைட்டர் தலையைச் சொறிந்தார்.

"மொத்தம் எத்தனை வீடியோ?"

"அஞ்சுங்க."

"அஞ்சுலயும் யார்யா இருக்கா?"

"தையல்காரர்."

"அப்புறம் என்னய்யா குறையுது?"

இப்படியாகத் தையல்காரர் ஒரு கும்பலாகி நீதிமன்றம் வந்து சேர்ந்தார்.

அங்கேயும் அவர் மனைவி கையெடுத்துக் கும்பிட்டார். "ஒரே ஒரு தடவை சத்தத்தோட போடச் சொல்லுங்கய்யா. அவர் குரலைக் கேட்டா உங்களுக்கே புரியும்." நீதிபதி இரக்கப்பட்டு, எதிர் டீக்கடையிலிருந்து ஸ்பீக்கர் வரவழைத்தார்.

முதல் வீடியோ ஓடியது. மிக அருகிலிருந்து, கணீரென்று மளிகைக்கடைக்காரரின் குரல்: "விடாதே, இன்னும் ரெண்டு போடு!" சாட்சிக் கூண்டில் நின்ற மளிகைக்கடைக்காரர் செருமினார். அதுவும் அதே குரல்தான்.

இரண்டாவதில் பள்ளிக்கூட வாத்தியார்: "மூஞ்சி தெரியற மாதிரி திருப்பிப் போட்டு அடிங்கப்பா. வெளிச்சம் பத்தல."

மூன்றாவதில் குடியிருப்போர் சங்கத் தலைவர்: "முண்டியடிக்காதீங்க. ஒவ்வொருத்தரா வாங்க. எல்லாருக்கும் வாய்ப்பு உண்டு."

நான்காவதில் யாரோ ஸ்டேஷனுக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்திருந்தார்கள். பதில் குரல் தெளிவாகக் கேட்டது: "ஜீப் வெளிய போயிருக்கு. அதுவரைக்கும் நீங்களே பார்த்துக்கங்க." இன்ஸ்பெக்டர் ஓடாத மின்விசிறியை அண்ணாந்து கவனிக்கத் தொடங்கினார்.

ஐந்தாவதில் பேச்சே இல்லை. எடுத்தவர் சிரித்துக்கொண்டே இருந்தார்.

தையல்காரரின் குரல் எதிலும் இல்லை. இவ்வளவு பேர் கத்தினால் ஒருவர் குரல் எப்படிக் கேட்கும்? அந்த அம்மா ஸ்பீக்கர் பக்கத்தில் போய்க் காதை வைத்துக் கேட்டார். மறுபடி போடச் சொல்லிக் கேட்டார். பார்க்கச் சகிக்கவில்லை.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "கூட நின்னு தூண்டிவிட்டவங்களும் அதே குற்றவாளிங்கதானே? சட்டம் அப்படித்தானே சொல்லுது?"

அரசு வக்கீல் எழுந்தார். "நோக்கம் ஒன்றாக இருந்தால்தானே கனம் நீதிபதி அவர்களே! ஒருவர் ரெண்டு போடச் சொல்கிறார். ஒருவர் திருப்பிப் போடச் சொல்கிறார். தலைவர் வரிசையில் வரச் சொல்கிறார். ஒருவர் வெறுமனே சிரிக்கிறார். இவர்களுக்குள் ஒற்றுமை என்பதே இல்லை. ஆனால் குற்றம் சாட்டப்பட்டவரைப் பாருங்கள். ஐந்து வீடியோவிலும் ஒரே பிடி. இத்தனை அடி விழுந்தும் விடவில்லை. பொது நோக்கம் என்றால் இதுவல்லவா!"

நீதிபதி ஜன்னல் வழியே வெளியே பார்த்தார். ஊரே நின்றுகொண்டிருந்தது. அவர் வீடும் அதே ஊரில்தான் இருந்தது. தையல்காரருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. சமூக அக்கறையோடு படம்பிடித்த ஐந்து சாட்சிகளுக்கும் தீர்ப்பிலேயே பாராட்டு கிடைத்தது.

ஊர் பாடம் கற்றுக்கொண்டது. யார் விழுந்தாலும் குனியக் கூடாது. குனிந்தால் படத்தில் முகம் விழும். தள்ளி நின்று, கை நடுங்காமல் எடுப்பதே சட்டத்துக்கு உட்பட்ட நடத்தை.

சில மாதம் கழித்து, பதவி உயர்வு பெற்ற அதே இன்ஸ்பெக்டர் மளிகைக்கடை வாசலில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார். நொடியில் கூட்டம் கூடியது. அழகான வட்டமாக நின்றார்கள். வட்டத்துக்குள் ஒரு செருப்பு நுனிகூட நுழையவில்லை.

"யாராவது தூக்குங்கய்யா..." என்றார் இன்ஸ்பெக்டர்.

"நல்லா விழுதுங்கய்யா, இப்படியே இருங்க" என்றார் வாத்தியார், போனைத் தாழ்த்தாமல்.

இப்போது தையல் கடையைத் தானே நடத்தும் தையல்காரரின் மனைவி, தைத்த துணிகளோடு அந்த வழியாக வந்தார். விழுந்து கிடந்தவர் யாரென்று பார்த்தார். பிறகு துணிமூட்டையைத் தரையில் வைத்துவிட்டு வட்டத்துக்குள் கால் வைத்தார்.

மளிகைக்கடைக்காரர் பாய்ந்து வந்து அவரை மறித்தார். அவர் குரலில் உண்மையான அக்கறை இருந்தது.

"உள்ள போயிடாதீங்கம்மா. பட்டது போதாதா? அஞ்சு போன் ஓடுது!"